ஆள் அதிகம்

குண்டு வைத்தவன் அந்நியன் அல்ல, அடுத்த தெருக்காரன்தான். நாட்டைத் திருத்தக் கிளம்பியவனுக்குக் காலையில் ஆபீஸ் லிஃப்ட்டில் ஏறியவர்கள்தான் கிடைத்தார்கள். இடிந்த இடத்திலேயே புதுக் கட்டடம் எழும்பி, இன்று திறப்பு விழா. "நாம் வீழவில்லை!" என்று முழங்கிவிட்டு அமைச்சர் பரிவாரத்தோடு லிஃப்ட்டில் ஏறினார். ஆள் அதிகம் என்று மணி அடித்தது.

பரிவாரம் ஒவ்வொருவராக இறங்கியது. அமைச்சர் மட்டும் மிஞ்சியும் மணி ஓயவில்லை.

"தலைவர் ஒருத்தரே பத்து பேருக்குச் சமம்," என்றார் உதவியாளர், புகழ்வதாக நினைத்து.

அமைச்சர் முறைத்துவிட்டு மாடிப்படி ஏறினார். கூட்டமும் பின்னாலேயே போனது. காலி லிஃப்ட்டில் மணி அடித்துக்கொண்டே இருந்தது.

லிஃப்ட் மெக்கானிக் வந்து எல்லாவற்றையும் சோதித்துப் பார்த்தார். பழுது ஒன்றுமில்லை. பழைய கட்டடத்தில் அவர் மனைவி நாலாவது மாடி டைப்பிஸ்ட். குண்டு வெடித்த அன்று அவரே வாசலில் கொண்டுவந்து விட்டார். லேட் என்று ஓடியவள், நெரிசலில் கடைசி ஆளாக லிஃப்ட்டுக்குள் நுழைந்ததையும் பார்த்தார்.

இப்போது கதவருகே நின்று மெல்லச் சொன்னார்: "எல்லாரும் ஒண்ணா ஏறினா எப்படிங்க? பாதிப் பேர் இறங்கி நில்லுங்க, அடுத்த தடவை போகலாம்."

மணி நின்றது.

"நீ இறங்காதம்மா, உனக்கு லேட்டாயிடும். நானும் வரேன்."

உள்ளே கால் வைத்தார். மணி அடித்தது. காலை எடுத்ததும் நின்றது. இன்னொரு முறையும் வைத்துப் பார்த்தார்.

"சரி, நீ போ," என்றார்.

கதவு மூடி, லிஃப்ட் மேலே போனது. இறங்கி நின்றவர்களுக்கு இடம் விட்டு, அவர் சுவரோரமாக ஒதுங்கி நின்றார்.