நீலப்புள்ளி முட்டை

காலைப் பனிமூட்டத்தில் கிளியூர்ப் பாதையே தெரியவில்லை, கரண்டும் இல்லை. இருண்ட வீட்டுக்குள் ரியாஸின் கைப்பேசி மட்டும் ஒளிர்கிறது. விளையாட்டில் நெருப்புப் பல்லியையும் பனிமானையும் ஜோடி சேர்த்துக் கிடைத்த நீலப்புள்ளி முட்டை திரையில் அசைகிறது. சார்ஜ் தீர்வதற்குள் பொரிக்காவிட்டால் முட்டை பாழ். கோழிகளுக்குத் தீனி போடக் கிளம்பிய அவன் மனைவி சாஜிதா, கை நிறைய நொய்யரிசியோடு எட்டிப் பார்க்கிறாள். "ஏனுங்க, இதுல எது அடை உக்காந்துச்சு?" "அடையெல்லாம் கெடையாது. நொம்ப அபூர்வம் இது. என்ன பொறக்கும்னு எனக்கே தெரியாது." "பல்லி வாலு வருமா, மான் கொம்பு வருமா?" முட்டை ஓடு விரிசல் விடுகிறது. ஈர மூக்கொன்று வெளியே நீண்டு, மிரண்டு, உள்ளே போய்விடுகிறது. தன்னை மறந்த சாஜிதா திரையருகே உள்ளங்கையை விரித்து, "பா... பா..." என்று அழைக்கிறாள். முட்டை அசையவில்லை. கொல்லைக் கதவைத் தள்ளிக்கொண்டு கோழிகள் அத்தனையும் வீட்டுக்குள் ஓடி வருகின்றன.