மூன்று மில்லி

கிரேனின் உத்தரத்தில் ஐந்து டன் இரும்பு மெல்ல ஏறிக்கொண்டிருந்தது. உத்தரத்துக்கு நேர் அடியில், அளவுகோலில் கண்ணை வைத்து நின்றிருந்தான் பரந்தாமன்.

அம்பத்தூர் எஸ்டேட்டில் அந்த ஷெட்டுக்கு ஒரு வழக்கம் உண்டு. புது கிரேனில் முதல் பாரம் ஏற்றும்போது அதற்கு வரைபடம் போட்டவன்தான் அடியில் நிற்க வேண்டும். தன் கணக்கைத் தானே நம்பாதவனுக்காக வேறு எவன் தலையைக் கொடுப்பான்?

இதற்கு முன் அப்படி நின்றவர்கள் எல்லாம் கையால் கணக்குப் போட்டு, கடைசியில் பயத்துக்கென்று தகட்டைக் கொஞ்சம் கனமாக்கிக்கொண்டவர்கள்.

பரந்தாமன் இருநூறு துளை அட்டைகளை மடியில் வைத்து ரயிலில் பட்டணத்துக்குப் போய், கம்ப்யூட்டரைக் கேட்டு வந்தவன். உத்தரத்துக்குப் பன்னிரண்டு மில்லிமீட்டர் தகடே போதும், பாரம் ஏறினால் நடுவில் பத்து மில்லி தாழும் என்று அது அடித்துக் கொடுத்திருந்தது. பத்து வந்தால் இனி எல்லாக் கணக்கும் அதில்தான் என்று மேனேஜர் கஜபதி வாக்குக் கொடுத்திருந்தார்.

"பயப்படாத நைனா. எதுனா ஆச்சுன்னா மாலை வாங்கியாற உன் மிஷினையே அனுப்புறோம்," என்றார் வெல்டிங் மேஸ்திரி வேம்புலி.

ஷெட்டே சிரித்தது.

சங்கிலி முனகியது. உத்தரம் தாழ்ந்தது. நின்றது.

ஏழு.

கைதட்டல் கூரையில் மோதியது. பரந்தாமன் தட்டவில்லை. உயிர் தங்கியது அவனுக்குப் பெரிதாகப் படவில்லை. மிச்சம் மூன்று மில்லி எங்கே போயிற்று? எந்த அட்டையில் எந்தத் துளை தப்பு? இருநூற்றையும் மனதுக்குள் ஒவ்வொன்றாகப் புரட்டிக்கொண்டிருந்தான்.

அளவுகோலைப் பார்ப்பவர்போல வேம்புலி அருகில் வந்து குனிந்தார். குரல் தாழ்ந்திருந்தது.

"பன்னெண்டு இல்ல நைனா. இருபது மில்லி தகட்டைத்தான் வெச்சு பத்த வெச்சேன். நீ அடியில நிக்கப்போறன்னு எம் பொண்ணு ராணி அந்த வாரம் பூரா சோறு துன்னாம அழுதுகினே இருந்துச்சு. இன்னா பண்ண சொல்ற?"

ராணியைப் பற்றிப் பரந்தாமன் அந்த ஷெட்டில் யாரிடமும் மூச்சு விட்டதில்லை.

அவன் மனதுக்குள் மறுபடி கணக்குப் போட்டான்.

இருபது மில்லி தகடு என்றால் ஏழுதான் வரும். கம்ப்யூட்டர் மயிரிழைகூடப் பிசகவில்லை. இதை இப்போதே உரக்கச் சொல்லலாம். சொன்னால், படத்தை மீறித் தகட்டை மாற்றியவர் யார், எதற்காக என்று கேட்பார்கள்.

கஜபதி வந்துவிட்டார். "இன்னாப்பா, பத்துன்னியே? மிஷின் தப்பா சொல்லிட்ச்சா?"

வேம்புலி மும்முரமாகக் கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"தப்புதான் சார்," என்றான் பரந்தாமன். "பட்டணத்து மிஷின். நம்மாளுங்கள அதுக்குத் தெரியாது."