முதலிடத்தில் ஒரு பெயர்

சாப்பாட்டு மணி அடித்ததும் சுப்ராயன் இன்றைக்கும் கம்ப்யூட்டர் முன்னால் போய் உட்கார்ந்துவிட்டான்.

டிபன் பாக்ஸைத் திறக்கக்கூட இல்லை. சட்டைக் கையை மடித்துக்கொண்டு திரையில் பறந்த விமானங்களைச் சுட ஆரம்பித்தான்.

கம்ப்யூட்டர் அறையின் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் தயிர்சாதத்தைப் பிசைந்துகொண்டிருந்த ராஜத்துக்கு வயிறு எரிந்தது.

அது அவள் புருஷன் வைத்தியலிங்கம் உட்கார்ந்திருந்த நாற்காலி. காரைக்காலில் அந்த உரக் கம்பெனி ஆபீசுக்குக் கம்ப்யூட்டர் வந்தபோது முதலில் கற்றுக்கொண்டவர் அவர்தான். போன வருஷம் கோவில்பத்து திருப்பத்தில் லாரி மோதி இறந்துபோனார். கம்பெனி அந்த வேலையை ராஜத்துக்குக் கொடுத்தது.

சுப்ராயன் டெஸ்பாட்ச் குமாஸ்தா. வைத்தியலிங்கத்தை அண்ணே, அண்ணே என்று சுற்றி வந்தவன். இவளை அண்ணி என்பான். அந்த அண்ணனின் நாற்காலியிலேயே உட்கார்ந்து விளையாட எப்படித்தான் மனசு வருகிறதோ.

குறுவைச் சாகுபடிக்கு வாய்க்காலில் தண்ணீர் வந்துவிட்ட நேரம். மத்தியானம் குடோன் வாசலில் லாரிகள் பில்லுக்காக வரிசையில் நின்றன. ராஜம் அடித்த பில் பதியவில்லை. டிஸ்கில் இடமில்லை என்று திரை சொன்னது. இடத்தை எது அடைத்திருக்கிறது என்று பார்க்க ஃபைல் பட்டியலை ஓடவிட்டாள்.

மேனேஜர் தெட்சிணாமூர்த்தி செருப்பைக் கழற்றிவிட்டு ஏசி அறைக்குள் வந்தார்.

"என்னம்மா இது, நம்பர் நம்பரா ஓடுது?"

"விளையாட்டோட ஃபைலுங்க சார். ஒவ்வொரு ஆட்டத்துக்கும் அது ஒண்ணு எழுதி வச்சுக்குது."

"யாரு ஆடுறது?"

வாசலில் நின்ற சுப்ராயன் தலையைக் குனிந்துகொண்டான். "நான்தான் சார்."

"தினமுமா?"

"ஆமா சார்."

மேனேஜர் அவனிடம் அதற்கு மேல் பேசவில்லை. "விளையாட்டு, அது எழுதினது, எல்லாத்தையும் அழிச்சிருங்கம்மா. லாரிக்காரங்க காத்துக்கிட்டு நிக்கிறாங்க."

ராஜத்துக்குக் கை ஓடவில்லை.

விளையாட்டைத் திறந்தால் அதிகம் அடித்த பத்துப் பேரின் பெயர் முதலில் வரும். அதில் மேலே, இங்கிலீஷ் எழுத்தில், 'வைத்தி'.

நெடுங்காட்டு வீட்டு வாசலில் சைக்கிளை நிறுத்தும்போதே, "இன்னிக்கும் நான்தாண்டி முதல்" என்பார்.

"சின்னப்புள்ள கெட்டது போங்க" என்று இவள் அடுப்பைக் கவனிக்கப் போய்விடுவாள். என்ன விளையாட்டு, எப்படி ஜெயிச்சீங்க என்று ஒரு நாளாவது கேட்டிருக்கலாம். கேட்டிருந்தால் அந்த மனுஷன் சோறு ஆறுகிற வரைக்கும் சொல்லியிருப்பார்.

ரேஷன் கார்டில் அவர் பெயரை அடித்துவிட்டார்கள். மற்ற காகிதங்களில் எல்லாம் பெயருக்கு முன்னால் 'லேட்' ஒட்டிக்கொண்டது. இந்தத் திரையில் மட்டும் அவர் வெறும் வைத்தி. இன்னும் முதல்.

சாயங்காலம் எல்லாரும் கிளம்பியபிறகு அதைப் பார்த்துவிட்டுத்தான் தினமும் மெஷினை அணைப்பாள். யாரிடமும் சொன்னதில்லை. இப்போது மட்டும் மேனேஜரிடம் என்னவென்று சொல்வது?

அந்தப் பெயர் எந்த ஃபைலில் இருக்கிறது என்றாவது தெரிந்தால் அதை மட்டும் விட்டுவிடலாம். அவளுக்குக் கற்றுக்கொடுத்தது பில் போடவும் பட்டியல் பார்க்கவும் அழிக்கவும்தான்.

கடைசியாக ஒரு தடவை திறந்து பார்த்தாள். வெளியே லாரிக்காரன் ஹார்ன் அடித்தான். மூடினாள். அழிக்கச் சொல்லி அடித்தாள். நிச்சயமாகவா என்று மெஷின் கேட்டது. ஆமாம் என்றாள்.

பில் பதிந்தது.

லாரிகள் எல்லாம் போனபிறகு வாசலில் செருப்பு மாட்டிக்கொண்டிருந்த சுப்ராயனை நிறுத்தினாள்.

"இப்ப திருப்தியா? அவர் பேரு அப்படியே இருந்த இடம் அது ஒண்ணுதான். உங்க ஆட்டத்துல அதுவும் போச்சு."

"தெரியும் அண்ணி."

"என்ன தெரியும்?"

"ஒருநாள் குடையை மறந்துட்டுத் திரும்பி வந்தேன். கண்ணாடி வழியா பார்த்தேன். அண்ணன் பேரைத் தொட்டுக்கிட்டு உட்கார்ந்திருந்தீங்க."

ராஜத்துக்குக் கோபம் இன்னும் கூடியது.

"தெரிஞ்சுமா ஆடுனீங்க? சோத்தைக்கூடத் திங்காம? அந்தப் பத்துப் பேர்ல ஒரு தடவையாவது உங்க பேரு வந்திருக்கா?"

"எனக்கு ஆட வராது அண்ணி. ஃபைலு சேரும்னும் தெரியாம போச்சு."

"ஆட வராதவர் எதுக்கு தினமும் அந்த நாற்காலியைப் பிடிச்சுக்கிட்டு உட்கார்ந்தீங்க?"

சுப்ராயன் அவள் முகத்தைப் பார்க்காமல் சொன்னான்.

"நம்ம சேல்ஸ்ல இளையபெருமாள் இருக்காருல்ல, அவர் ரொம்ப நல்லா ஆடுவாரு. சாப்பாட்டு நேரத்துல அந்த நாற்காலி காலியா இருந்திருந்தா, அண்ணன் பேரு என்னிக்கோ ரெண்டாவதுக்கு வந்திருக்கும்."