பக்க எண்

"அண்ணே, கொஞ்சம் வேகமா நடங்க! நேரம் போகுது!"

வக்கீல் குமாஸ்தாவிடம் வேகத்தை எதிர்பார்ப்பது வீண் என்று தையல்காரிக்கே தெரியும். நீதிமன்ற வாசலிலிருந்து மனு வாங்கும் கவுன்டர் நூறடி தூரம்தான். அதற்குள் மனிதர் நான்கு பேரிடம் நலம் விசாரித்து முடித்திருந்தார்.

அவள் கணவர் பூட்டு ரிப்பேர் செய்பவர். அவர் போட்டுக் கொடுத்த மாற்றுச் சாவியை வைத்து யாரோ ஒரு வீட்டைத் திறந்து திருட, பழி அவர் தலையில் விழுந்தது. ஊர்ப் பூட்டையெல்லாம் திறந்துவிட்ட மனிதர் உள்ளே போய் நேற்றோடு அறுபது நாள்.

"வக்கீலம்மா சொன்னது ஞாபகம் இருக்கா அண்ணே? அறுபது நாளைக்குள்ள போலீஸ் குற்றப்பத்திரிகை கொடுக்கலைன்னா, ஜாமீன் கேக்கிறது நம்ம உரிமை. ஆனா நம்ம மனு உள்ளே போறதுக்கு முன்னாடி அவங்க கொடுத்துட்டா எல்லாம் போச்சு!"

"முப்பது வருஷமா இதே வேலைதாம்மா பாக்குறேன். பதறாதீங்க."

கவுன்டர் இன்னும் திறக்கவில்லை. வரிசையில் முன்னால் ஒரே ஒருவர்தான். கட்டம் போட்ட சட்டை, கக்கத்தில் தலையணை கனத்துக்கு ஒரு காகிதக் கட்டு. அவருக்கு அடுத்து நாம்தான் என்று தையல்காரிக்குப் பாதி உயிர் திரும்பியது.

குமாஸ்தாவுக்கு வாய் சும்மா இருக்குமா? கழுத்தை நீட்டிக் கட்டை எட்டிப் பார்த்தார்.

"என்ன சார், பக்க எண்ணே போடலையே? எண் இல்லாம இங்கே வாங்க மாட்டாங்க. அப்படியே திருப்பி அனுப்பிடுவாங்க."

"ஐயையோ, முந்நூறு பக்கம் சார்!"

"அதுக்கென்ன? வாங்க, அந்த பெஞ்சுல உட்காருங்க. நான் இருக்கேன்ல!"

மனுவை அவள் கையில் திணித்துவிட்டு, தன் பேனாவையும் அந்த ஆளுக்குக் கொடுத்துக் கையோடு கூட்டிப் போய்விட்டார். பெற்ற பிள்ளைக்கு அரிச்சுவடி சொல்லிக் கொடுப்பதுபோல் பக்கத்திலேயே உட்கார்ந்தும் கொண்டார். தையல்காரி மனுவோடு வரிசையில் தனியே நின்றாள். இவரை நம்பியா வக்கீலம்மா அனுப்பினார்!

கவுன்டர் கதவு திறந்தது.

"அண்ணே! திறந்தாச்சு, வாங்க!"

"இதோ வந்துட்டேம்மா... சார், நூத்திப் பத்துக்கு அப்புறம் நூத்திப் பன்னெண்டு போட்டுட்டீங்க பாருங்க. அங்கேருந்து திருத்துங்க. அவசரமே வேண்டாம், நிதானமா எழுதுங்க."

ஒரு வழியாக வந்து, அவள் கையிலிருந்த மனுவை வாங்கிக் கவுன்டரில் நீட்டினார். டொக்கென்று முத்திரை விழுந்தது. நேரம் பத்து முப்பத்திரண்டு. தையல்காரிக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்தே வந்தன. கணவர் வந்துவிடுவார். உண்மையாகவே வீட்டுக்கு வந்துவிடுவார்.

சந்தோஷம் கொஞ்சம் அடங்கியதும் கோபம் மேலே வந்தது.

"மனு உள்ளே போயிடுச்சு, அதனால இப்ப கேக்கிறேன். இங்கே என் வீட்டுக்காரர் தலையெழுத்தே ஊசலாடுது. முன்னப்பின்ன தெரியாத ஆளுக்கு இப்படியா விழுந்து விழுந்து உதவி பண்ணுவீங்க?"

பெஞ்சில் கட்டம் போட்ட சட்டைக்காரர் இன்னும் இருநூறைத் தாண்டாமல் வியர்த்துக்கொண்டிருந்தார். குமாஸ்தா மூக்குக் கண்ணாடியை மெல்ல நெற்றிக்கு ஏற்றினார்.

"முதல் பக்கத்துல எண்தாம்மா இல்லை. குற்றப்பத்திரிகைன்னு தலைப்பும், அதுக்குக் கீழே உங்க வீட்டுக்காரர் பேரும் பளிச்சுனு இருந்துச்சு!"