பாதி ஆட்டத்தில் ஒரு கட்டு

எங்கள் ஒஹாயோ உருக்காலை ஊரில் சம்பளத்துக்குப் பந்தாடும் ஓட்டோ பிரென்னெக், இடைவேளையில், மழை இரையும் தகரக் கொட்டகைக்குள் உட்காராமல் கால்மாற்றி நின்று தவிக்கிறான். பந்தைக் கையில் அணைத்துக்கொண்டு ஓடிவந்த எதிரணிக்காரனை மறித்துச் சாய்த்ததில் அவனுடைய வலக்கை விரல்கள் இரண்டு ஒடிந்திருக்கின்றன. மனைவி ஹெல்மா அவற்றைச் சேர்த்துத் துணி சுற்றுகிறாள். "நாளைக்கு ஆலையில இந்தக் கையோட எப்படி நிலக்கரி அள்ளுவே?" "அதை நாளைக்குப் பாத்துக்கலாம். இன்னும் இறுக்கு." "முப்பத்தாறு வயசாச்சு. மிச்ச ஆட்டத்துக்கு உக்காந்துடேன்." அவன் வாசலைப் பார்க்கிறான். மங்கிய வெளிச்சத்தில், கல்லூரியிலிருந்து இவன் அணிக்கே வந்திருக்கும் புது ஆட்டக்காரன், சட்டையில் ஒரு துளி சேறில்லாமல், குதித்துக் குதித்து உடம்பைச் சூடேற்றுகிறான். "இன்னைக்கு உக்காந்தா, அப்புறம் எந்திரிக்கவே விடமாட்டாங்க ஹெல்மா." விசில் ஊதுகிறார்கள். முடிச்சு விழும்வரை பொறுக்காமல், துணியின் நுனியைப் பல்லால் கவ்விக்கொண்டே ஓட்டோ மழைக்குள் ஓடுகிறான்.