மிக்ஸியின் சின்ன ஜார்

எர்ணாகுளம் உயர் நீதிமன்ற வராந்தாவில் மழைச்சாரல் தெறிக்கிறது. இருவரும் சம்மதித்து வாங்கிய விவாகரத்தை எதிர்த்து ரஜீவன் அப்பீல் போட்டிருக்கிறான். அன்று விவாகரத்து மனுவைப் படிக்காமலே கையெழுத்துப் போட்டுவிட்டானாம். அவன் மனைவியாக இருந்த பிரசீதா அந்த மனுவின் நாலாம் பக்கத்தை அவன் முகத்துக்கு நேரே நீட்டுகிறாள். அவள் திருப்பித் தர வேண்டிய சாமான்களின் பட்டியல் அது. ஓரத்தில் அவன் கையாலேயே, 'மிக்ஸியின் சின்ன ஜாரும்' என்று எழுதியிருக்கிறது. பதினொரு வருடம் புருஷனை மரியாதையாக 'ஏட்டா' என்று அழைத்த வாய், "படிக்காமத்தான் இதை எழுதினியாடா?" என்கிறது. தாளை வாங்கிப் பார்த்த அவனுடைய வக்கீல், "உங்க எழுத்தா இது?" என்று மெல்லக் கேட்கிறார். ரஜீவன் குடை நுனியால் தரையைக் குத்துகிறான். முகத்தில் வெட்கமே இல்லை, அவனுக்கும் கோபம்தான். "என் எழுத்துதான் சார். ஜார் மட்டும்தான் வந்துது. அதோட மூடியை இவ இன்னும் தரல." வக்கீல் ஃபைலின் நாடாவை இறுக்கிக் கட்டுகிறார்.