எலும்பில்லாத விருந்து

சுட்ட ஆட்டுத்தொடையை எலும்பு நுனியில் பிடித்து, ஓங்கி, தலைவர் சமையல் மாஸ்டரின் தோளில் ஒரு போடு போட்டார். மாஸ்டர் தள்ளாடிப் போய் விறகுக் கட்டின் மேல் உட்கார்ந்தார்.

"வலிக்குதா மாஸ்டர்?"

"வலிக்குது சார்."

"அப்ப இது வேண்டாம். அடுத்ததைக் கொண்டாங்க."

தலைவர் என்றால் நாலு சங்கங்களுக்குத் தலைவர். மகளின் கல்யாணத்தை 'இயற்கையின் மடியில்' என்ற பெயரில், இந்தத் தோப்பில், கரண்டே இல்லாமல் நடத்தப் போகிறார். மின்சாரம் வந்த பிறகுதான் மனிதன் மிருகமானான் என்று அழைப்பிதழிலேயே அச்சடித்திருந்தார். விளக்கு கிடையாது, மைக் கிடையாது, ஃபிரிட்ஜ் கிடையாது. சாப்பாட்டை மட்டும் இன்றைக்கு ருசி பார்த்து முடிவு செய்வதாக ஏற்பாடு. ஆனால் இதுவரை எதையும் அவர் வாயில் வைக்கவில்லை.

மாஸ்டர் பல்லைக் கடித்துக்கொண்டு எழுந்தார். ஹோட்டல் வேலையை உதறிவிட்டு வந்தவருக்கு இதுதான் முதல் பெரிய ஆர்டர். இதுவும் கைநழுவினால் மச்சானின் கேன்டீனில் டீ ஆற்றப் போக வேண்டியதுதான். மச்சான் அதற்காகவே ஒரு ஸ்டூலைக் காலியாக வைத்திருந்தான்.

சூப் வந்தது. தலைவர் விரலை விட்டுப் பார்த்து உதறினார். "மூஞ்சில பட்டா தோல் உரிஞ்சிடும். வேண்டாம்."

கம்பியில் கோத்துச் சுட்ட கோழி வந்தது. கோழியைத் தள்ளிவிட்டுக் கம்பியை மட்டும் உருவி, பக்கத்து மரத்தில் ஒரு குத்துக் குத்தினார். கம்பி நின்று ஆடியது. "இயற்கைக்கு விரோதம்," என்றார்.

"வாழைப்பழமாவது வைக்கலாமா சார்?"

"வைங்க. ஆனா உரிச்சு வைங்க. தோல் கீழ கிடக்கக் கூடாது."

எதிரே நாற்காலியில் இருந்த சம்பந்தி, மாப்பிள்ளையின் அப்பா, அதுவரை பொறுமையாகத்தான் இருந்தார். அவருடைய இடது கை, கழுத்தில் கட்டிய தூளியில் தொங்கியது. "மெல்லுற மாதிரி ஒண்ணுமே கிடையாதா? எங்க ஆளுங்களுக்குப் பல்லு இல்லைன்னு நினைச்சீங்களா?"

நெற்றி பிளாஸ்திரியைத் தடவிக்கொண்டே தலைவர் சொன்னார்: "இருந்துச்சு சம்பந்தி. கீழ விழுந்ததைப் பொறுக்கிக் குடுத்ததே நான்தானே."

சம்பந்தி நல்ல கையால் ஒரு பூசணிக்காயைத் தூக்கி எறிந்தார். தலைவர் குனிய, அது சூப் அண்டாவைச் சாய்த்தது. தலைவர் பாய்ந்து காலரைப் பிடித்து மூக்கில் ஒரு குத்து விட்டார். வெள்ளைச் சட்டையில் ரத்தம் கொட்ட, சம்பந்தி தன் பக்கத்தாருக்குப் பல் உண்டு என்பதைத் தலைவரின் மணிக்கட்டிலேயே நிரூபித்தார். விலக்கப் போன மாஸ்டருக்கு இரண்டு வீட்டாரும் பாரபட்சம் பார்க்காமல் வயிற்றில் ஆளுக்கொரு உதை கொடுத்தார்கள்.

எல்லோரையும் விட்டுத் தள்ளி, மரத்தடியில் தலைகுனிந்து உட்கார்ந்திருந்த மணப்பெண் லேசாகத் தொண்டையைக் கனைத்தாள்.

இருவரும் சட்டென்று கையை எடுத்தார்கள். தலைவர் சம்பந்தியின் காலரை நீவிவிட்டார். சம்பந்தி தலைவரின் மணிக்கட்டைத் துடைத்துவிட்டார். பெண்பிள்ளை மனசு நோகக் கூடாதென்று இவ்வளவு மரியாதையா என மாஸ்டர், வயிற்றைப் பிடித்தபடியே நெகிழ்ந்து போனார்.

தலைவரைத் தனியே அழைத்துப் போய் நேராகவே கேட்டுவிட்டார். "என்னதான் சார் விஷயம்?"

தலைவர் குரலைத் தாழ்த்தினார். "நிச்சயதார்த்தத்துல நானும் சம்பந்தியும் மாத்தி மாத்தி மைக்கில பேசினோம். ஒருத்தரும் விடல. இருட்டிப் போச்சு, மோதிரம் மாத்தவே நேரம் வரல. திடீர்னு மைக் ஸ்டாண்டால அடி. அப்புறம் டியூப் லைட்டு. ரெண்டு குடும்பத்துலயும் கட்டுப் போடாத ஆம்பளை கிடையாது. அதான் கரண்டே வேண்டாம்னுட்டேன்."

"அப்ப இந்த இயற்கை?"

"அது ஊருக்கு."

"யாரு சார் அப்படி அடிச்சது?"

தலைவர் ஒரு தடவை திரும்பிப் பார்த்தார். "இப்ப எதுக்கு அது. பஞ்சு மாதிரி பன்னு, மசிச்ச காய்கறி, உரிச்ச பழம். இதுதான் மெனு. ஆர்டர் உங்களுக்குத்தான்."

ரத்தம் கழுவச் சம்பந்திகள் இருவரும் தொட்டிப் பக்கம் போனார்கள். மாஸ்டருக்கு உயிர் வந்தது. மச்சானின் ஸ்டூலை மனசுக்குள் எட்டி உதைத்துவிட்டு, ஒரு பன்னை எடுத்துக்கொண்டு பெண்ணிடம் போனார். நல்லவேளை, அந்தக் கலவரத்திலும் இவள் மேல் ஒரு கீறல்கூட விழவில்லை.

"உனக்குன்னு ஆசை ஒண்ணும் இல்லையாம்மா? உன் கல்யாணமாச்சே."

"சொன்னா செய்வீங்களாண்ணே?"

"சொல்லும்மா."

"அந்த ஆட்டுத்தொடை. எலும்போட. கல்யாணத்தன்னிக்கு என் தட்டுல மட்டும். அப்பாவுக்குத் தெரிய வேண்டாம்."

பாவம், பெற்ற பெண்ணின் ஆசையைக்கூடக் கேட்காத அப்பன். மாஸ்டர் அவள் பக்கம் குனிந்தார். "என் தலையே போனாலும் கொண்டாந்து வைக்கிறேன்மா," என்றார். சொன்னதோடு நிற்காமல், ஒதுக்கி வைத்த தொடையை இப்போதே எடுத்துவந்து அவள் கையில் கொடுத்தார்.

அவள் கடிக்கவில்லை. எலும்பு நுனியில் பிடித்து எடை பார்த்தாள். எழுந்து நின்று ஒரு வீசு வீசினாள். மாஸ்டரின் காதோரம் காற்று கிழிந்தது. முதல் தடவையாக அவள் முகத்தில் கல்யாணக் களை வந்தது.

"அந்த மைக் ஸ்டாண்டு ரெண்டாவது அடியிலயே வளைஞ்சு போச்சுண்ணே."